கட்டியது கட்டியதுதான்

கல்யாணப் பத்திரிகை அடிப்பது அபாயகரமான தொழில். நான் சொல்லவில்லை, அரசாங்கம் சொல்கிறது. எங்கள் ஊரில் அச்சகம் வைத்திருப்பவன் வருஷா வருஷம் எடுக்க வேண்டிய உரிமத்துக்கு டி அண்ட் ஓ லைசென்ஸ் என்று பெயர். அபாயகரமான, அருவருக்கத்தக்க தொழில்களுக்கான உரிமம். 1920-ஆம் வருஷத்து மாவட்ட நகராட்சிச் சட்டத்தின் பின்னால் எலும்பு, தோல், வெடிமருந்து என்று ஒரு பட்டியல் உண்டு. அந்த வகையறாவோடு, மஞ்சள் தடவிய தாளில் பிள்ளையார் படம் போடும் என்னையும் உட்கார வைத்துவிட்டார்கள். நான் பத்திரிகை அடித்துக் கொடுத்த சில தம்பதிகளைப் பிற்பாடு பார்க்கும்போது, பட்டியல் சரிதானோ என்று எனக்கும் தோன்றியதுண்டு.

அந்தச் சட்டம் இப்போது இல்லை. 1998 என்று வருஷம் போட்ட நகர்ப்புற உள்ளாட்சி அமைப்புகள் சட்டம், நடுவில் நிறுத்திவைக்கப்பட்டு, 2023 ஏப்ரலில் அமலுக்கு வந்து பழையதை அனுப்பிவிட்டது. சட்டம் போனாலும் பேர் போகவில்லை. நகராட்சி அலுவலகக் கவுண்டரில் இன்றைக்கும் டி அண்ட் ஓதான்.

என் கடை 240 சதுர அடி. ஒரு ஆஃப்செட் மெஷின், ஒரு கட்டிங் மெஷின், தாள் கட்டுகள், நான். வாடிக்கையாளர் உள்ளே வர வேண்டுமானால் நான் வெளியே போக வேண்டும். பழைய பதிவேட்டிலிருந்து கணினிக்கு ஏற்றியவர் தாராள மனசுக்காரர். 2,400 சதுர அடி என்று ஏற்றிவிட்டார். கட்டணம் பரப்பளவுப்படி. ஆகவே வழக்கமான தொகைக்கு மேல் 4,500 ரூபாய் கூடுதலாகக் கேட்டது கணினி.

“சார், இது தப்பு” என்றேன்.

“தப்புதான் அண்ணாச்சி” என்றார் எழுத்தர், யோசிக்காமல். அதனாலேயே எனக்கு அவரைப் பிடித்துப்போயிற்று. “ஆனா சிஸ்டத்துல வந்த தொகையை நான் குறைக்க முடியாது. முதல்ல கட்டிருங்க. மார்ச் முப்பத்தொண்ணு தாண்டிருச்சுன்னா லைசென்ஸ் இல்லாம கடை நடத்துறதா ஆயிரும். கூட போனதை அப்புறமா கேட்டு வாங்கிக்கலாம்.”

கைபேசியில் ஒரு தட்டு. பணம் போய்விட்டது. உடனே நன்றி தெரிவித்து ஒரு குறுஞ்செய்தி. பணம் வாங்கிக்கொள்வதில் இந்த அரசாங்கத்துக்கு இருக்கும் சுறுசுறுப்பும் மரியாதையும் வேறு எந்த நிறுவனத்திலும் நான் கண்டதில்லை. இரவு இரண்டு மணிக்குக் கட்டினாலும் வாங்கிக்கொள்கிறது, ஞாயிற்றுக்கிழமை கட்டினாலும் முகம் சுளிப்பதில்லை.

அந்த ‘அப்புறமா’ வந்தபிறகு போய்க் கேட்டேன்.

“ரீஃபண்டா?” எழுத்தர் நாற்காலியில் சாய்ந்து யோசித்தார். “அதுக்குப் பாரம் கிடையாதே அண்ணாச்சி. ஒரு வெள்ளைத்தாள்ல எழுதிக் குடுங்களேன்.”

அந்த அலுவலகத்தில் பிறப்புக்குப் பாரம் உண்டு, இறப்புக்கு உண்டு, இடையில் நாய் வளர்க்க, குழாய் இணைக்க, சாக்கடை இணைக்க, பேர் மாற்ற, எல்லாவற்றுக்கும் உண்டு. எங்கள் அப்பா காலத்தில் அவற்றில் பாதியை அடித்தது எங்கள் டிரெடில் மெஷின். கட்டிய பணத்தைத் திருப்பிக் கேட்கும் பாரத்தை அவரும் அடித்ததில்லை. அடிக்கச் சொல்லி யாரும் ஆர்டர் கொடுத்ததில்லை. வெள்ளைத்தாளில் எழுதிக் கொடுத்தேன். நல்ல தாள், 80 ஜிஎஸ்எம்.

பதில் இல்லை. இங்கே ஒன்று சொல்ல வேண்டும். அந்த 1920 சட்டத்தில் ஒரு தங்கமான பிரிவு இருந்தது. உரிமம் கேட்டு விண்ணப்பித்தவனுக்குக் குறித்த நாளுக்குள் உத்தரவு வராவிட்டால், கொடுத்ததாகவே கருதிக்கொள்ளலாம். உரிமத்தை அப்படிக் கருதிக்கொண்டு கடையைத் திறக்கலாம். 4,500 ரூபாய் வந்துவிட்டதாகக் கருதிக்கொண்டு மளிகைக் கடைக்குப் போக முடியாது.

என் மனைவியின் அண்ணன் வக்கீல். சிவில் பக்கம். விஷயத்தைச் சொன்னதும் நாற்காலியை இழுத்துப் போட்டுக்கொண்டார்.

“மாப்ளே, உம்ம கேஸு கேஸே இல்ல. ஒப்பந்தச் சட்டம், 1872. எழுபத்திரண்டாவது பிரிவு. தவறுதலாவோ நிர்ப்பந்தத்துலயோ ஒருத்தன் பணம் குடுத்துட்டா, வாங்குனவன் திருப்பிக் குடுக்கணும். வெள்ளைக்காரன் உதாரணமே எழுதி வச்சிருக்கான் பாரும்.”

பார்த்தேன். ரயில்வே கம்பெனி ஒன்று சரக்கைப் பிடித்து வைத்துக்கொண்டு, சட்டத்துக்குப் புறம்பாகக் கூடுதல் கட்டணம் கட்டினால்தான் தருவேன் என்கிறது. சரக்குக்காரன் வேறு வழியில்லாமல் கட்டுகிறான். அதில் எவ்வளவு அதிகமோ அவ்வளவையும் அவன் திரும்பப் பெறலாம். ரயில்வே என்ற இடத்தில் நகராட்சி அலுவலகத்தையும், சரக்கு என்ற இடத்தில் என் கடைச் சாவியையும் வைத்துப் படித்தால் எனக்காகவே எழுதினமாதிரி இருந்தது. 150 வருஷத்துக்கு முன்பே என் 4,500 ரூபாயை நினைத்து ஒருத்தன் கவலைப்பட்டிருக்கிறான்.

“சட்டத்தைத் தப்பாப் புரிஞ்சுக்கிட்டுக் கட்டியிருந்தாலும் செல்லும்” என்றார் மச்சான். பனாரஸில் ஒரு வெள்ளி வியாபார நிறுவனம். முன்பேர வியாபாரத்துக்கு விற்பனை வரி கட்டிவிட்டது. பிறகு அந்த வரியே செல்லாது என்று நீதிமன்றத்தில் தீர்ப்பாக, கட்டியதைத் திருப்பிக் கேட்டது. ஆயிரத்துச் சொச்சம் ரூபாய். அந்த ஆயிரத்துச் சொச்சத்தைக் கொடுக்க மனசில்லாமல் உச்ச நீதிமன்றம் வரை போனார் விற்பனை வரி அதிகாரி. 1958-ல் அரசியல் சாசன அமர்வு உட்கார்ந்து, தவறு என்றால் சட்டத் தவறும் தவறுதான், பணத்தைக் கொடு என்றது. அந்த அதிகாரியின் பயணச் செலவு எவ்வளவு என்று யாராவது கணக்குப் பார்த்தார்களா என்பது தீர்ப்பில் இல்லை.

“அப்ப ஹைகோர்ட்ல ரிட் மனு போட்டுருவோம் மச்சான்.”

“அங்கதான் சிக்கல். வெறுமனே பணத்தைத் திருப்பிக் குடுங்கன்னு மட்டும் கேட்டு ரிட் போட முடியாதுன்னு சுகன்மல் கேஸ்ல உச்ச நீதிமன்றம் சொல்லியாச்சு. சிவில் கோர்ட்டுக்குப் போவணும். முதல்ல நோட்டீஸ். அப்புறம் காத்திருக்கணும். அப்புறம் வழக்கு. அதுக்குக் கோர்ட் ஃபீஸ்.”

அதாவது, அதிகமாகக் கட்டிய கட்டணத்தைக் கேட்க ஒரு கட்டணம் கட்ட வேண்டும். தமிழ்நாட்டில் முன்பு இது கேட்கும் தொகையில் ஏழரை சதவீதம். ஏழரை என்று யார் யோசித்து வைத்தார்களோ, வழக்குக்குப் பொருத்தமான எண். 2017-ல் மூன்று சதவீதமாகக் குறைத்தார்கள். என் 4,500-க்கு 135 ரூபாய்.

“அந்த 135-ஐயும் பிற்பாடு கூடுதலா வாங்கிட்டாங்கன்னா?”

மச்சான் சிரிக்கவில்லை. “அதுக்கும் ஒரு கேஸ் இருக்கு மாப்ளே” என்றார்.

உண்மையாகவே இருக்கிறது. இந்தத் துறையின் தலைசிறந்த வழக்கு என்று நான் கருதுவது இதைத்தான். தமிழ்நாட்டில் ஒரு கடன் தகராறு. இரண்டு தரப்பும் வெளியிலேயே பேசி முடித்துக்கொண்டார்கள். கோர்ட் நேரம் மிச்சமாயிற்றே, கட்டிய நீதிமன்றக் கட்டணத்தைக் கொடுங்கள் என்று கேட்டால், உயர் நீதிமன்ற அலுவலகம் விதியில் இடமில்லை என்றது. நீதிமன்றமே அமைத்துக் கொடுத்த சமரச மையத்தில் முடித்திருந்தால் கட்டணம் திரும்ப வரும். தாங்களாகவே உட்கார்ந்து பேசி முடித்தால் வராதாம். 2020 ஜனவரியில் சென்னை உயர் நீதிமன்றம், அதெல்லாம் கிடையாது, இரண்டும் ஒன்றுதான், கொடுங்கள் என்று உத்தரவிட்டது. விஷயம் முடிந்தது என்றுதானே நினைப்போம்? அந்த உத்தரவை எதிர்த்து உச்ச நீதிமன்றத்துக்கு மேல்முறையீடு போனது. போனவர் யார்? சென்னை உயர் நீதிமன்றம். பதிவாளர் ஜெனரல் மூலமாக. நீதிமன்றத்தின் நிர்வாகப் பக்கம், அதே நீதிமன்றத்தின் நீதிப் பக்கம் கொடுத்த தீர்ப்பு சரியில்லை என்று டெல்லி போய் முறையிட்டது. 2021 பிப்ரவரியில் உச்ச நீதிமன்றம் மேல்முறையீட்டைத் தள்ளுபடி செய்தது. கட்டணத்தைத் திருப்பிக் கொடு என்றால், நீதி வழங்கும் இடத்துக்கே கை வரவில்லை. பிறகு நகராட்சி எழுத்தர் என்ன செய்வார், பாவம்.

சரி, 135 போனால் போகிறது என்று வைத்துக்கொண்டாலும், அடுத்த கேள்வி வரும்: நான் கட்டியது கட்டணமா, வரியா?

1954-ல் உடுப்பிப் பக்கத்து சிரூர் மடம் வழக்கில் உச்ச நீதிமன்றம் இரண்டையும் பிரித்து வைத்தது. பதிலுக்கு ஏதாவது செய்து கொடுத்து வாங்கினால் கட்டணம். எதுவும் செய்யாமல் வாங்கினால் வரி. மடங்களின் வருமானத்தில் ஐந்து சதவீதம் வரை சென்னை அரசு கேட்டதே, அது கட்டணம் அல்ல வரி, இப்படி வரி போட மாநிலச் சட்டமன்றத்துக்கு அதிகாரமில்லை என்று அடித்துவிட்டது. படிக்கும்போது குளிர்ச்சியாக இருக்கிறது.

பத்து வருஷம் கழித்து கல்கத்தாவிலிருந்து லிபர்ட்டி சினிமா வந்தது. அந்தத் தியேட்டர் 1958 வரை வருஷத்துக்கு 400 ரூபாய் லைசென்ஸ் கட்டணம் கட்டிக்கொண்டிருந்தது. மாநகராட்சி காட்சிக் கணக்கும் இருக்கைக் கணக்கும் போட்டு 6,000 ரூபாய் என்றது. பதினைந்து மடங்கு. தியேட்டர்காரர் சிரூர் மடத்துத் தீர்ப்பை நம்பிக் கோர்ட்டுக்குப் போனார். இதைக் கட்டணம் என்கிறீர்கள், பதிலுக்கு எங்களுக்கு என்ன செய்கிறீர்கள்? இன்ஸ்பெக்டர் வந்து பார்த்துவிட்டுப் போகிறார், அவ்வளவுதானே? உயர் நீதிமன்றம் அவர் பக்கம். உச்ச நீதிமன்றமும் பாதி வழி அவர் கூடவே வந்தது. உண்மைதான், மாநகராட்சி உனக்கு ஒன்றும் செய்யவில்லை, ஒன்றும் செய்யாததால் இது கட்டணம் ஆகாது, கட்டணம் இல்லையென்றால் வரி, வரிக்குப் பதில் உபகாரம் கேட்கக் கூடாது, மாநகராட்சிக்கு வரி போடும் அதிகாரம் உண்டு, கட்டு. 1964 டிசம்பரில் ஐந்து நீதிபதிகளில் மூன்று பேர் சொன்ன தீர்ப்பு இது. சுப்பா ராவும் ராஜகோபால ஐயங்காரும் ஒத்துக்கொள்ளவில்லை. எனக்கு அவர்கள் இருவர் மேலும் தனி மரியாதை உண்டு. ஒன்றும் செய்யாமல் இருந்ததையே சாட்சியாகக் காட்டி ஒரு கட்சிக்காரர் ஜெயித்தது சட்ட வரலாற்றில் அபூர்வம்.

இதற்கப்புறம் ஹைதராபாத் ஓட்டல்காரர்கள் 1999-ல் போய், தொழிலை ஒழுங்குபடுத்தும் கட்டணம் என்றால் கைமாறு தேவையே இல்லை என்று கேட்டுக்கொண்டு வந்தார்கள். என் கடையை ஒழுங்குபடுத்தும் வேலையை என் மனைவி செய்கிறாள், அவள் கட்டணம் கேட்பதில்லை.

“உமக்கு அந்தப் பிரச்சினை இல்ல மாப்ளே” என்றார் மச்சான். “கட்டணம் செல்லுமான்னு நீர் கேக்கல. அளவு தப்புன்னுதான் கேக்கீரு. ஆனா இன்னொண்ணு கேப்பாங்க. அந்த 4,500-ஐ நீர் யார் தலையில கட்டினீரு?”

விழித்தேன்.

பஞ்சாப், ஹரியானா கதை சொன்னார். விளைபொருள் சந்தைகளில் நூறு ரூபாய்க்கு இரண்டு ரூபாயாக இருந்த கட்டணத்தை மூன்றாக்கினார்கள். 1979-ல் உச்ச நீதிமன்றம் அந்த மூன்றாவது ரூபாய் செல்லாது என்றது. வியாபாரிகள் வாயெல்லாம் பல்லாக, வசூலித்த கூடுதல் ரூபாயைக் கொடுங்கள் என்று வந்து நின்றார்கள். நீதிபதி வி.ஆர். கிருஷ்ணய்யர் அவர்களை ஒரு பார்வை பார்த்தார். அரசு அமைப்பு தப்பாக வசூலித்த ஜனங்களின் பணத்தைத் திருப்பிக் கொடுக்க வேண்டும் என்பதில் தர்மத்துக்கு இரண்டு பேச்சில்லை என்று ஆரம்பித்தார். ஆனால் அந்த ரூபாயை நீங்கள் உங்கள் கையிலிருந்தா கட்டினீர்கள்? வாங்கினவனிடம் ஏற்றி வாங்கிவிட்டீர்களே, அப்படியானால் பணம் அவனுடையதல்லவா? பணத்தை உயர் நீதிமன்றப் பதிவாளரிடம் கட்டச் சொல்லி, உண்மையில் சுமந்தவர்கள் வந்து கேட்டு வாங்கிக்கொள்ள வழி செய்தார். பிறகு பஞ்சாபில், விலையில் ஏற்றி வாங்கிவிட்ட வியாபாரிக்குத் திருப்பித் தர வேண்டாம், சந்தைக் கமிட்டியே வைத்துக்கொள்ளலாம் என்று சட்டம் போட்டார்கள். உச்ச நீதிமன்றம் அதையும் சரி என்றது. 1996 டிசம்பரில் ஒன்பது நீதிபதிகள் உட்கார்ந்து மஃபத்லால் வழக்கில் கலால், சுங்க வரிகளுக்கு இதையே கல்லில் அடித்தார்கள்: சுமையை அடுத்தவன் தலைக்கு மாற்றியவனுக்குத் திருப்பிக் கேட்கும் உரிமை இல்லை.

நியாயம்தான். என்ன, சுமந்தவன் வந்து கேட்டு வாங்கிக்கொள்ளலாம் என்கிறார்களே, ஒரு மூட்டை பருப்பில் ஒரு ரூபாய் அதிகம் சுமந்த ஆள் சண்டிகருக்கு பஸ் ஏறியிருப்பானா?

“நீர் பத்திரிகை விலையில ஏத்தலைன்னு நிரூபிக்கணும்” என்றார் மச்சான்.

இதில் மட்டும் எனக்குப் பயமில்லை. என் கடையில் சுமையை அடுத்தவர் தலைக்கு மாற்றுவது நடக்காத காரியம். பெண்ணைப் பெற்றவர் வருவார். கூடவே பேரம் பேசுவதற்கென்றே ஒரு சித்தப்பா. ஒரு பத்திரிகை பதினெட்டு ரூபாய் என்றால் சித்தப்பா பன்னிரண்டிலிருந்து தொடங்குவார். கவர் இலவசமா என்பார். ஐம்பது கூடுதலாகப் போட்டுக் கொடு என்பார். தாய்மாமன் பெயரை விட்டுவிட்டோம், மறுபடி அடி, அதற்குக் காசு கிடையாது என்பார். அவர் தலையில் லைசென்ஸ் கட்டணத்தை ஏற்றிக் காட்டுகிற அச்சகக்காரன் இந்தத் தமிழ்நாட்டில் இருந்தால் அவன் காலில் விழுந்து தொழில் கற்றுக்கொள்வேன். நீதிமன்றம் விரும்பினால் அந்தச் சித்தப்பாவைச் சாட்சியாக அழைக்கலாம். குறுக்கு விசாரணை செய்யும் வக்கீலின் ஃபீஸில் பாதியைக் குறைத்துவிட்டுத்தான் கூண்டிலிருந்து இறங்குவார்.

இன்னொரு கதவும் உண்டு, காலக்கெடு. பொதுவாக மூன்று வருஷம். யாரோ வேறொருவர் போட்ட வழக்கில் சட்டம் செல்லாது என்று ஆனபிறகு, ‘ஆஹா, நமக்கும் வரவேண்டுமே’ என்று ஓடிவந்த பம்பாய் வியாபாரிகளை, இத்தனை நாள் எங்கே இருந்தாய் என்று 1968-ல் திருப்பி அனுப்பியிருக்கிறது உச்ச நீதிமன்றம். அலுவலகத்தில் போய்க் கேட்டால் பொறுங்கள் என்பார்கள். பொறுத்துவிட்டுக் கோர்ட்டுக்குப் போனால் ஏன் பொறுத்தாய் என்பார்கள்.

இவ்வளவையும் கேட்டபிறகு எனக்கு ஒன்று தெளிவாயிற்று. பணத்தைத் திருப்பிக் கொடுக்க வேண்டும் என்பதில் 1872-லிருந்து யாருக்கும் கருத்து வேற்றுமை இல்லை. சட்டம் கொடு என்கிறது, தீர்ப்புகளில் பெரும்பாலானவை கொடு என்கின்றன, எழுத்தரும் கொடுக்கணும்தான் அண்ணாச்சி என்கிறார். யார் கொடுப்பது, எந்தக் கணக்குத் தலைப்பில் கொடுப்பது என்பதில்தான் எல்லாம் நிற்கிறது. யானை வாய்க்குள் போன கரும்பு திரும்பாது என்பார்கள். இங்கே யானை துப்பத் தயாராக இருக்கிறது, துப்பும் அதிகாரம் பாகனுக்கா ஆனைக்கொட்டாரத்துக்கா என்று கோப்பு சுற்றுகிறது.

உள்ளூர்க் காரணத்தை எழுத்தரே ஒருநாள் டீக்கடையில் சொன்னார். குறைவாக வசூலித்தால் உள்ளாட்சித் தணிக்கையில் தடை எழுதுவார்கள். பத்து வருஷம் கழித்து ஓய்வுபெறும்போது அந்தத் தடை வந்து வழியை மறிக்கும். அதிகமாக வசூலித்தால் யாரும் தடை எழுதுவதில்லை. திருப்பிக் கொடுத்தால், ஏன் கொடுத்தாய், எந்த உத்தரவின்படி என்று அதற்கும் கேள்வி. “என் இடத்துல நீங்க இருந்தா கையெழுத்துப் போடுவீங்களா அண்ணாச்சி?” என்றார். நேர்மையான கேள்வி. போட மாட்டேன் என்றுதான் சொன்னேன். டீக்கு அவரே காசு கொடுத்தார். அந்த அலுவலகத்திலிருந்து எனக்குத் திரும்ப வந்த முதல் தொகை அதுதான்.

கடைசியில் மச்சான் ஒரு வக்கீல் நோட்டீஸ் அனுப்பினார். ரயில்வே உதாரணத்தை அப்படியே எடுத்துப் போட்டிருந்தார். அதற்குப் பலன் இருந்தது, இல்லையென்று சொல்ல மாட்டேன். சர்வேயர் வந்து நாடா பிடித்தார். அவர் உள்ளே அளக்க நான் வெளியே நின்றேன். 240 என்று திருத்தினார்கள். கூடுதல் தொகை ‘வரும் ஆண்டின் கட்டணத்தில் சரிக்கட்டப்படும்’ என்று முத்திரையோடு ஒரு கடிதம் வந்தது. மச்சான் அதை லேமினேட் பண்ணச் சொன்னார்.

வரும் ஆண்டு வந்தது. இணையதளத்தில் சரியான தொகை நின்றது. அதைச் சரிக்கட்ட எந்த இடத்தில் தட்ட வேண்டும் என்று தேடினேன். முழுத் தொகையையும் கட்டு என்ற ஒரே பொத்தான்தான் இருந்தது. லேமினேட் பண்ணிய கடிதத்தை எடுத்துக்கொண்டு போனேன். எழுத்தர் இரண்டு பக்கமும் திருப்பிப் பார்த்து, “கடிதம் சரிதான் அண்ணாச்சி, சாஃப்ட்வேர்ல அந்த ஆப்ஷன் வரலை. இப்போதைக்குக் கட்டிருங்க” என்றார். கட்டினேன். நன்றி என்று குறுஞ்செய்தி வந்தது.

இந்தத் துறையில் மேலே இருக்கும் எவராவது இதைப் படிக்க நேர்ந்தால் ஒரு விண்ணப்பம். அதிகமாகக் கட்டிய பணத்தைத் திரும்பக் கேட்பதற்கென்று ஒரு பாரம் போடுங்கள். பெயர், உரிம எண், கட்டிய தொகை, கட்டியிருக்க வேண்டிய தொகை, வங்கிக் கணக்கு, கையெழுத்துப் போட வேண்டிய அதிகாரி யார், எத்தனை நாளுக்குள் பணம் வரும். ஏ4 தாளில் ஒரு பக்கம் போதும். முதல் ஆயிரம் பிரதியை நானே அடித்துத் தருகிறேன், தாளும் என்னுடையது. பில் அனுப்ப மாட்டேன். அனுப்பினால் அதை வசூல் பண்ண மச்சான் இன்னொரு கேஸ் போட வேண்டும்.